மாவட்டத்துக்கென்று ஒரு இயற்கை நில வாரியம்: அமெரிக்காவில் இருக்கிற மாதிரி நம் பக்கம் முடியுமா?

சென்னிமலைத்தறி:

எல்லாருக்கும் வணக்கம். கேள்வி கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்க.

கொழுந்தனார் குடும்பம் சிகாகோ பக்கம் நேப்பர்வில்லில் இருக்கிறார்கள். போன கோடையில் அங்கே போயிருந்தோம். அவர்கள் வீட்டுக்குப் பக்கத்திலேயே ஸ்பிரிங்புரூக் பிரெய்ரி என்று ஒரு பெரிய புல்காடு. இடுப்பு உயரத்துக்குப் புல், நடுவில் சரளைப் பாதை, நாயைக் கூட்டிக்கொண்டு ஒருத்தர், சைக்கிளில் நாலு பொடுசுகள். நுழைவுச் சீட்டு கிடையாது, பஜ்ஜிக்கடை கிடையாது, ஒரு காகிதம்கூடக் கீழே கிடையாது. யாருடைய இடம் என்று கேட்டால் கவுண்டியுடையது என்றார்கள். கவுண்டி என்றால் ஏறக்குறைய நம் மாவட்டம் மாதிரி. அதற்குள் நிலத்தைக் காப்பாற்றவும் ஜனங்கள் நடக்க, மீன் பிடிக்க, கூடாரம் போட்டுத் தங்கவும் என்றே தனியாக ஒரு அமைப்பாம். ஃபாரஸ்ட் பிரிசர்வ் டிஸ்ட்ரிக்ட் என்று பெயர். வனத்துறையும் இல்லை, முனிசிபாலிட்டியும் இல்லை.

இங்கே ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளை எங்கே கூட்டிப்போவது என்பதே பெரும்பாடாக இருக்கிறது. மால், இல்லாவிட்டால் கோயில், இல்லாவிட்டால் மலைக்கு மேலே போய் டிராஃபிக்கில் நிற்பது. எங்கள் ஊருக்கு மேற்கே ஒரு கரடு (சின்னப் பாறைக் குன்று) உண்டு, கீழே ஓடை, ஓடையை ஒட்டி இட்டேரி, அதாவது இரண்டு பக்கமும் வேலி வைத்த வண்டித்தடம். மாமனார் காலத்தில் அதில் மாட்டுவண்டி போகுமாம். இப்போது ஒரு பக்கத்துக் கிளுவை வேலியை ஜேசிபி வைத்துத் தள்ளிவிட்டு மஞ்சள் பெயின்ட் அடித்த கல் நட்டிருக்கிறார்கள், மறுபக்கமும் போய்விடும் போலிருக்கிறது.

அந்த ஊர் அமைப்புக்குக் காசு எங்கிருந்து வருகிறது, யார் நடத்துகிறார்கள்? நம் ஈரோடு, திருப்பூர், கோவை மாவட்டங்களில் அந்த மாதிரி ஏதாவது இருக்கிறதா, இல்லை என்றால் வர வழி உண்டா? அதுவரைக்கும் பிள்ளைகளை எங்கே கூட்டிப்போகலாம் என்றும் யாராவது சொல்லுங்க.

இல்லினாய்ஸ்_ஈரோட்டான்:

அக்கா, நீங்கள் வந்து போன அதே டுபேஜ் கவுண்டியில்தான் நான் குடியிருக்கிறேன். பூர்வீகம் பெருந்துறை பக்கம். தெரிந்ததைச் சொல்கிறேன்.

இது இன்று நேற்று வந்ததில்லை. சிகாகோ மளமளவென்று வளர்ந்துகொண்டிருந்தபோது, ஊரைச் சுற்றி இருக்கிற ஓக் காடும் ஆற்றங்கரையும் மனைக்கட்டாகிவிடும் என்று டுவைட் பெர்கின்ஸ், ஜென்ஸ் ஜென்சன் என்ற இரண்டு பேர் 1904லேயே அறிக்கை எழுதி, எதை எதை வாங்க வேண்டும் என்று சொன்னார்கள். ஒருத்தர் கட்டடக் கலைஞர், இன்னொருத்தர் பூங்கா அமைக்கிறவர். முதலில் போட்ட சட்டம் கோர்ட்டில் நிற்கவில்லை. 1913ல் இல்லினாய்ஸ் மாநிலம் திருத்திப் போட்ட சட்டம்தான் நின்றது. அந்தச் சட்டப்படி, ஒரு கவுண்டியில் இருக்கிற ஜனங்கள் ஓட்டுப் போட்டு வேண்டும் என்றால்தான் இந்த அமைப்பு வரும். சிகாகோ இருக்கிற குக் கவுண்டியில் 1914ல் ஓட்டு நடந்தது, 1916ல் டியர் குரோவ் என்ற இடத்தில் முதல் நிலத்தை வாங்கினார்கள். டுபேஜில் 1915ல் ஆரம்பம். இன்றைக்குக் குக் கவுண்டியில் கிட்டத்தட்ட 70,000 ஏக்கர் இவர்கள் கையில் இருக்கிறது, கவுண்டியின் மொத்த நிலத்தில் 11 சதவீதம். அத்தனை பெரிய நகரத்தை வைத்துக்கொண்டு இத்தனை நிலம் என்பதை யோசித்துப் பாருங்க.

காசு முக்கால்வாசி வீட்டு வரியிலிருந்துதான். வரி ரசீதில் பள்ளிக்கூடத்துக்கு இவ்வளவு, நூலகத்துக்கு இவ்வளவு என்று பிரித்துப் போட்டிருக்கும், அதில் ஃபாரஸ்ட் பிரிசர்வுக்கும் ஒரு வரி இருக்கும். பெரிதாக நிலம் வாங்க வேண்டும் என்றால் கடன் பத்திரம் வெளியிடலாமா என்று ஜனங்களிடம் ஓட்டுக்கு விடுவார்கள். 2022 நவம்பரில் குக் கவுண்டியில், இதற்காக வீட்டின் வரிக்கான மதிப்பில் 0.025 சதவீதம் அளவுக்கு வரியை ஏற்றலாமா என்று கேட்டதற்கு ஜனங்களே பெருவாரியாகச் சரி என்று போட்டார்கள். வரி ஏற்றுங்கள் என்று ஓட்டுப் போடுகிற ஜனத்தை நான் அப்போதுதான் பார்த்தேன்!

நடத்துவது தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள். குக்கில் கவுண்டி போர்டு உறுப்பினர்களே இதற்கும் உறுப்பினர்கள். டுபேஜில் இதற்கென்று தனியாக ஆட்களைத் தேர்ந்தெடுக்கிறோம். அதனால் ஒரு பாதையை மூடினால்கூட யாரைப் போய்க் கேட்க வேண்டும் என்று தெரியும்.

எல்லாம் சொர்க்கம் என்று நினைத்துவிட வேண்டாம். பக்தார்ன் என்று ஒரு புதர், ஐரோப்பாவிலிருந்து வேலிக்காகக் கொண்டுவந்தது, இப்போது ஓக் காட்டுக்குள் புகுந்து ஒன்றையும் முளைக்க விடுவதில்லை. நம் ஊர் சீமைக்கருவேலம் செய்கிற வேலைதான். அதை வெட்டிச் சாய்ப்பதற்குக் குளிர்காலத்தில் தன்னார்வலர்களைக் கூப்பிடுவார்கள், நானும் போவதுண்டு. வெட்டிய தூரின் மேல் அப்போதைக்கப்போதே மருந்தைத் தடவிவிட வேண்டும், விட்டால் அடுத்த வருஷம் ஒரு தூரிலிருந்து பத்துக் கிளை கிளம்பும். அப்புறம் புல்காட்டுக்குக் காற்றும் ஈரமும் பார்த்து, கோடு கிழித்துத் தீ வைப்பார்கள். தீ வைக்காவிட்டால் அங்கே புல் நிற்காது, புதர் ஏறிவிடும். இது புரியாமல், மரத்தை வெட்டுகிறார்கள், தீ வைக்கிறார்கள் என்று ஜனங்கள் சண்டைக்கு வந்து 1996ல் குக் கவுண்டியில் இந்த வேலையையே நிறுத்திவைத்தார்கள். திரும்ப ஆரம்பிக்க வருஷக்கணக்காயிற்று.

இன்னொன்று, நீங்கள் பார்த்த ஸ்பிரிங்புரூக்கும் உழவு நிலமாக இருந்து, விதை போட்டுத் திரும்பக் கொண்டுவந்ததுதான். பிரெய்ரி மாநிலம் என்று பெயர் வைத்துக்கொண்டிருக்கிற இல்லினாய்ஸில் பழைய புல்வெளி ஆயிரத்தில் ஒரு பங்குகூட மிச்சமில்லை. வாரன்வில் பக்கம் பிளாக்வெல் என்ற இடத்தில் மவுண்ட் ஹாய் என்று ஒரு குன்று, பனிக்காலத்தில் பிள்ளைகள் டியூபில் உட்கார்ந்து சறுக்குவார்கள். அது முழுக்கக் குப்பைக் கிடங்கு, மேலே மண் மூடிப் புல் விட்டது. கோவைக் குப்பை வந்து விழுகிற வெள்ளலூரில் இருக்கிறவர்கள் யாராவது இதைப் படித்தால் வயிறு எரியும்.

மூலனூர்_ஆட்டுக்காரன்:

எல்லாம் நன்றாகத்தான் இருக்கிறதுங்க. ஆனால் ஒன்று கேட்கிறேன், நிலம் யாருடையது? விற்க மாட்டேன் என்று சொன்னவனிடம் கோர்ட் மூலமாக எடுக்கிற அதிகாரமும் அந்த அமைப்புக்கு உண்டாமே, தம்பி அதைச் சொல்லவில்லை. நம் பக்கம் எரிவாயுக் குழாய்க்கென்று தோட்டத்தைக் கேட்டார்கள், உயர்மின் கோபுரத்துக்குக் கேட்டார்கள், தொழிற்பேட்டைக்குக் கேட்டார்கள். இப்போது இயற்கைக்கென்று இன்னொருத்தன் வந்து நிற்பான். அந்த ஊரிலும் பூர்வகுடிகளை 1833ல் ஒப்பந்தம் எழுதி வாங்கிக்கொண்டு மிசிசிப்பிக்கு அந்தப் பக்கம் துரத்தியதற்கு அப்புறம்தானே இந்த ஓக் காடு எல்லாம் யாரும் இல்லாத காடு மாதிரி ஆனது.

எங்கள் பக்கம் தாராபுரம், மூலனூர், வெள்ளகோவில், காங்கயம் வரைக்கும் கொறங்காடு உண்டு. பட்டா நிலம்தான், ஆனால் உழுவதில்லை. கொழுக்கட்டைப் புல், நடுவில் அங்கங்கே வெள்வேல் மரம், சுற்றிலும் முள்கிளுவை வேலி. காட்டைத் துண்டு துண்டாக அடைத்து, ஒரு துண்டில் மாடு மேய்ந்து முடிந்தால் படலைத் திறந்து அடுத்ததில் விடுவோம், மேய்ந்த துண்டில் புல் திரும்ப வரும். வைகாசி, ஆனி காற்றில் புல் காய்ந்து கிடக்கும்போது வெள்வேல் நெற்றுதான் ஆட்டுக்குத் தீவனம். காங்கயம் மாடு இந்தப் புல்லைத் தின்று வளர்ந்த மாடு. இதற்கு அரசாங்கத்தில் என்ன பெயர் தெரியுங்களா? மானாவாரி, தரிசு. தரிசு என்று எழுதிவிட்டால் சோலார் பேனல் போட வருகிறவனுக்குச் சுலபம். மூன்று தலைமுறையாக வேலி கட்டி, புல் விட்டு, உழாமல் வைத்திருக்கிறவன் ஒருத்தனைக்கூட இயற்கையைக் காப்பாற்றுகிறவன் என்று யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

காப்பாற்றுகிறேன் என்று யாராவது வந்தால் முதலில் மேய்ச்சலை நிறுத்து என்பார்கள். நிறுத்தினால் நாலே வருஷத்தில் சீமைக்கருவேலம் ஏறிக்கொள்ளும். அந்த ஊரில் தீ வைக்கிறார்கள் என்கிறீர்களே, இங்கே அந்த வேலையை ஆடு செய்கிறது.

பழைய_சர்வேயர்:

மூலனூர்க்காரர் சொன்னதில் நியாயம் இருக்கிறது, கோபத்தையும் ஒத்துக்கொள்கிறேன். வருவாய்த்துறையில் சங்கிலி பிடித்தவன் என்ற முறையில் நிலத்தைப் பற்றி நானும் கொஞ்சம் சொல்கிறேன்.

நம் மாவட்டங்களில் மலைமேல் இருப்பதற்குக் காவல் உண்டு. சத்தியமங்கலம் 2013ல் புலிகள் காப்பகம் ஆனது, அந்தியூர், பர்கூர் மலைக்காடு 2024ல் தந்தை பெரியார் வன உயிரினச் சரணாலயம் ஆனது, கரூர், திண்டுக்கல் எல்லையில் கடவூர் மலையில் தேவாங்குச் சரணாலயம் 2022ல் வந்தது. கோவைப் பக்கம் மலையடிவார ஊர்களில் ஹாக்கா என்கிற மலைப்பகுதிப் பாதுகாப்புக் குழுமத்தின் அனுமதி இல்லாமல் கட்ட முடியாது என்றாவது ஒரு தடை இருக்கிறது. அதெல்லாம் வனத்துறை, மாநில அரசு. சமவெளிக்கு இறங்கி வந்தால்தான் சிக்கல். குளத்துக்கு நீர்வளத்துறை, இல்லை பஞ்சாயத்து. ஓடைக்கு ஒருத்தர். மேய்ச்சல் புறம்போக்கு, கரடு, கல்லாங்குத்து, தீர்வை ஏற்படாத தரிசு எல்லாம் தாசில்தார் கணக்கில். ஆனால் இதை அப்படியே வைத்திருக்க வேண்டும் என்பது எவருடைய வேலையும் கிடையாது. ஏதாவது திட்டத்துக்கு இடம் வேண்டும் என்றால் முதலில் கண்ணில் படுவது அ-பதிவேட்டில், அதாவது ஊரின் நிலக் கணக்குப் புத்தகத்தில், தரிசு என்று இருக்கிற இடம்தான். அமெரிக்கக் கதையில் எனக்குப் பிடித்தது அந்த ஒரு விஷயம்தான், ஏக்கர் கணக்கெல்லாம் அப்புறம். அங்கே நிலத்தைச் சும்மா வைத்திருப்பதையே வேலையாக வைத்துக்கொண்டு ஒரு ஆபீஸ் இருக்கிறது.

வரி என்றதும் இது நமக்கு ஆகாது என்று நினைக்காதீங்க. உங்கள் வீட்டு வரி ரசீதை எடுத்துப் பாருங்க, நூலக வரி என்று ஒன்று இருக்கும், ரூபாய்க்குப் பத்துப் பைசா. 1948ல் சென்னை மாகாணத்தில் பொது நூலகச் சட்டம் வந்தது, அதன்படி மாவட்டத்துக்கு ஒரு நூலக ஆணைக்குழு, அதற்கு அந்த வரி. மாவட்ட அளவில் தனி அமைப்பு, அதற்கென்று தனி வரி, இது நமக்கு எழுபத்தைந்து வருஷத்துக்கு மேல் பழக்கம். அந்த மாதிரி மாவட்ட இயற்கை நில ஆணைக்குழு என்று ஒன்று வைத்து, ரூபாய்க்கு ரெண்டு பைசா போட்டால் யாரும் செத்துப்போக மாட்டார்கள். நூலக வரியை வசூல் பண்ணிவிட்டு நூலகத்துக்குக் கொடுக்காமல் பாக்கி வைக்கிற உள்ளாட்சிகளும் உண்டு என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன், எழுதும்போதே அதற்கும் ஒரு கட்டு வைத்து எழுத வேண்டும்.

மேய்ச்சல் விஷயத்தில் மூலனூர்க்காரர் சொல்வது சரி. பட்டா நிலத்தை வாங்கவே வேண்டாம். புல்லாகவே வைத்திருக்கிறேன், பிளாட் போட மாட்டேன் என்று எழுதிக் கொடுக்கிறவருக்கு ஆண்டுக்கு ஏக்கருக்கு இவ்வளவு என்று கொடுத்தால் போதும். புறம்போக்குதான் அந்த ஆணைக்குழு கைக்கு வர வேண்டும்.

நஞ்சராயன்_குளக்கரை:

அக்கா, பெரியவர்கள் சட்டம் பேசட்டும், நான் உங்கள் கடைசிக் கேள்விக்கு வருகிறேன்.

உங்களுக்குப் பக்கத்திலேயே வெள்ளோடு பறவைகள் சரணாலயம் இருக்கிறது, சென்னிமலையிலிருந்து ரொம்பக் கிட்ட. 77 ஹெக்டேர் ஏரி, 2022ல் ராம்சார் என்கிற உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் பட்டியலில் சேர்ந்தது. கார்த்திகை முதல் மாசி வரைக்கும் போங்க, கூழைக்கடாவும் மஞ்சள் மூக்கு நாரையும் மரத்தில் இடம் போதாமல் சண்டை போட்டுக்கொண்டிருக்கும். காலையில் போக வேண்டும், பத்து மணிக்கு மேல் வெயிலில் பிள்ளைகள் சிணுங்கும். எங்கள் திருப்பூரில் ஊத்துக்குளி ரோட்டில் நஞ்சராயன் குளம், 125 ஹெக்டேருக்கு மேல். 2022ல் தமிழ்நாட்டின் 17வது பறவைகள் சரணாலயம், 2024 ஆகஸ்டில் ராம்சார். பனிக்காலத்தில் இமயமலையைத் தாண்டி வருகிற வரித்தலை வாத்து இங்கே வந்து இறங்கும். சாயத்தண்ணீர் ஊர் என்று எங்களைச் சொல்கிறவர்களுக்கு அதைக் காட்டுவதில் எனக்கு ஒரு திருப்தி. இந்தக் குளம் சரணாலயம் ஆனதற்குப் பின்னால் உள்ளூர் ஆட்கள் வருஷக்கணக்காக உட்கார்ந்து பறவை எண்ணிக் கணக்கு எழுதி வைத்தது இருக்கிறது. கணக்கு இருந்ததால்தான் பேச முடிந்தது.

கொஞ்சம் பெரிய பிள்ளைகள் என்றால் காரமடைக்கு அந்தப் பக்கம் பரளிக்காடு. வனத்துறையும் அங்கே இருக்கிற இருளர் ஜனங்களும் சேர்ந்து நடத்துவது. பில்லூர் அணைத் தண்ணீரில் பரிசல், மத்தியானம் அவர்களே சமைத்த சாப்பாடு, அப்புறம் காட்டுக்குள் ஒரு நடை. முன்பதிவு செய்யாமல் போனால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். நடைக்கென்றே வேண்டுமானால் 2024 அக்டோபரில் மாநில அரசு கொண்டுவந்த மலையேற்றத் திட்டம் இருக்கிறது, 14 மாவட்டங்களில் 40 பாதைகள், ஆன்லைனில் பதிவு, பழங்குடி இளைஞர்கள் வழிகாட்டியாக வருவார்கள். காட்டுத்தீ மாதங்களில் மூடிவிடுவார்கள். 2018ல் குரங்கணியில் தீயில் 23 பேர் போனதற்கு அப்புறம் அதில் யாரும் விளையாடுவதில்லை, விளையாடவும் கூடாது.

ஆனால் நீங்கள் கேட்டது இது எதுவும் இல்லை என்று எனக்குப் புரிகிறது. பதிவு செய்யாமல், வண்டி எடுக்காமல், சாயங்காலம் ஒரு மணி நேரம் நடந்துவிட்டு வருகிற இடம். அதற்கு எனக்குத் தெரிந்து குளக்கரைதான் வழி. அத்திக்கடவு அவிநாசித் திட்டத்தில் 2024லிருந்து 1,045 குளம் குட்டைகளுக்குத் தண்ணீர் விடுகிறார்கள், எத்தனையோ வருஷம் முள்காடாகக் கிடந்த குட்டைகளில் இப்போது நீர்க்கோழி நீந்துகிறது. கரைமேல் நடக்கலாம். ஒரே தொந்தரவு பாட்டில். கரையில் உடைத்துப் போட்ட பாட்டிலை மிதிக்காமல் ஒரு பிள்ளை ஓட முடியாது. சுற்றிலும் நடைபாதைக் கல் பதித்து, கலர் லைட் போட்டு, செல்ஃபி பாயிண்ட் வைத்து அழகுபடுத்துகிறோம் என்று இறங்குகிறவர்களைக் கண்டால் அதைவிடப் பயமாக இருக்கிறது. மண்கரையில்தான் மீன்கொத்தி பொந்து போடும், சிமெண்டில் போடாது.

இல்லினாய்ஸ்_ஈரோட்டான்:

ஆட்டுக்கார அண்ணா, நிலம் எடுக்கிற அதிகாரம் உண்டு என்பது நிஜம்தான், பூர்வகுடிகள் கதையும் நிஜம்தான். பொட்டவாட்டோமி என்கிற ஜனம், சிகாகோவில் வைத்துத்தான் அந்த ஒப்பந்தம். இன்னொன்றும் சொல்கிறேன். இங்கே பெரும்பாலான இடத்தில் மேய்ச்சல் என்கிற பேச்சே கிடையாது, அதனால் இவர்கள் செய்வதை அப்படியே எடுத்துக்கொண்டு வந்தால் கொறங்காட்டுக்குப் பொருந்தாது. சர்வேயர் ஐயா சொன்ன ஆண்டுத்தொகை யோசனைதான் நம் பக்கத்துக்குச் சரியாக வரும் என்று தோன்றுகிறது.

சென்னிமலைத்தறி:

எல்லாருக்கும் நன்றிங்க. நூலக வரி ரசீதில் இருப்பதை இன்றைக்குத்தான் கவனித்தேன்! வெள்ளோட்டுக்கு அடுத்த ஞாயிறு போகிறோம்.

சர்வேயர் ஐயா, ஆணைக்குழு எல்லாம் வரும்போது வரட்டும், எங்கள் இட்டேரிக்கு இப்போது ஏதாவது செய்ய முடியுமா? ஊரில் கேட்டால், அது பாதையே இல்லை, இரண்டு தோட்டத்துக்கும் நடுவில் விட்ட இடம் என்கிறார்கள்.

பழைய_சர்வேயர்:

முதலில் காகிதத்தைப் பாருங்கம்மா. தமிழ்நாடு அரசின் இ-சேவை நிலப்பதிவுத் தளத்தில் மாவட்டம், வட்டம், ஊர், சர்வே எண் போட்டால் அ-பதிவேடு வரும், நிலத்தை அளந்து வரைந்த புலப்படமும் வரும். இட்டேரிக்கென்று தனி சர்வே எண்ணோ உட்பிரிவோ இருந்து, வண்டிப்பாதை என்றோ ஓடைப் புறம்போக்கு என்றோ போட்டிருந்தால் அது அரசாங்கத்துடையது, அதில் கல் நட எவருக்கும் உரிமை கிடையாது. பட்டா நிலத்துக்குள் புள்ளிக்கோடாக மட்டும் காட்டியிருந்தால் கஷ்டம், அது அனுபவப் பாதை, அக்கம்பக்கத்துத் தோட்டக்காரர்கள் சேர்ந்து சிவில் கோர்ட்டில்தான் நிற்க வேண்டும்.

புறம்போக்கு என்று வந்தால், அளந்து எல்லை காட்டச் சொல்லித் தாசில்தாருக்கு மனு கொடுங்க, அதே நகலைக் கலெக்டர் ஆபீஸ் திங்கட்கிழமை குறைதீர் நாளில் கொடுத்து ஒப்புகைச் சீட்டு வாங்குங்க. அப்புறம் கிராம சபை. வருஷத்தில் ஆறு தடவை நடக்கிறது. ஓடையும் கரடும் இட்டேரியும் பொதுவில் இருக்க வேண்டும் என்று தீர்மானம் எழுதச் சொல்லுங்க, அப்படியே பஞ்சாயத்தில் பல்லுயிர் மேலாண்மைக் குழு யார் யார் என்றும் கேளுங்க. 2002ஆம் வருஷச் சட்டப்படி ஒவ்வொரு உள்ளாட்சியிலும் அந்தக் குழு இருக்க வேண்டும், நிறைய ஊரில் தலைவருக்கே அது தெரியாது. கோபி பக்கம் எலத்தூர் குளம் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டிருப்பது அதே சட்டத்தின் கீழ்தான், அதனால் உங்கள் மாவட்டத்திலேயே முன்மாதிரி இருக்கிறது.

மறுபக்கத்துக் கிளுவை இன்னும் நிற்கிறது என்றீர்களே, அதை இன்றைக்கே போட்டோ எடுத்து வையுங்க, தேதி தெரிகிற மாதிரி. வேலி போன பிறகு வேலி இருந்தது என்று நிரூபிப்பது எங்களாலேயே முடியாது. சர்வே எண் கிடைத்ததும் இங்கே போடுங்க, பார்த்துச் சொல்கிறேன்.